பஃபூன் பாடிய நன்றிப் பாட்டு

போன வாரம் அலங்காநல்லூர் பக்கம் ஒரு கோயில் திருவிழா. என் சிநேகிதன் முத்துப்பாண்டியின் நாடகம். பஃபூன் வேஷம் கட்டுகிறவன். இந்த முறை அவனே எழுதியது — ஊர்க் கூட்டுறவு பேங்கில் நடக்கும் திருட்டைப் பற்றி, முழுக்கப் பாட்டும் கேலியும்.

எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவன் நான். பேங்க் படி ஏறினாலே கை வேர்க்கும். இவனோ பேங்கையே மேடையேற்றுகிறான்... பயம் வராதா?

"வம்பு வேணாம்ப்பா" என்றேன், அவன் மேடையேறும் முன்.

"எம் மக நர்சிங் படிப்புக்குப் போட்ட டெபாசிட்டுண்ணே. தவணை முடிஞ்சும் தர மாட்டேங்குறாய்ங்க. கடைசிப் பாட்டுல அந்தச் செயலாளர் பேரச் சொல்லிட்டுத்தான் எறங்குவேன்!"

பேங்க் செயலாளர் முன் வரிசையில்தான் இருந்தார்.

"பெட்டகத்துல எலியிருக்கு, எலி கையில சாவியிருக்கு..."

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தவர் செயலாளர்.

கடைசிப் பாட்டு. பெயர் வரவேண்டிய நேரம். விறுவிறுவென்று மேடையேறிய செயலாளர், முத்துப்பாண்டி சட்டையில் ஒரு ஐந்நூறு ரூபாய் நோட்டைக் குத்தினார். காதில் ஏதோ சொன்னார்.

எங்கள் பக்கத்து வழக்கம் தெரியும்தானே? நோட்டுக் குத்தினால் நாடகத்தை நிறுத்தி, கொடுத்தவர் பெயர் சொல்லி வாழ்த்திப் பாடவேண்டும். பாடாதவனை அடுத்த திருவிழாவுக்கு எவரும் கூப்பிட மாட்டார்கள்.

ஆர்மோனியம் மெட்டு மாறியது. பெயர் வந்தது — 'ஏழைகளின் காவலர்' என்ற பட்டத்தோடு.

"என்னய்யா இப்படிப் பண்ணிட்ட?" என்றேன், மேடையிலிருந்து இறங்கி வந்தவனிடம்.

"திங்கக்கெழம வந்து முழுசா வாங்கிக்கன்னு சொன்னாருண்ணே..."

திங்கட்கிழமை நானும் கூடப் போனேன். செயலாளர் லீவு. வழக்கமாக வட்டி விகிதம் ஓடும் பேங்க் டிவியில் திருவிழா வீடியோ; அதில் முத்துப்பாண்டி பாடிக்கொண்டிருந்தான். எலிப் பாட்டு இல்லை, வாழ்த்துப் பாட்டு மட்டும்.

"பாட்டு சூப்பருண்ணே!" என்றார் கவுண்ட்டரில் இருந்தவர்.

"என் காசு?"

"அது... மேல கேக்கணும்."

பக்கத்தில் ஒரு தம்பதி. டிவியைப் பார்த்துவிட்டு, டெபாசிட் போட ஃபாரம் கேட்டார்கள். முத்துப்பாண்டி பதறிப்போய்க் குறுக்கே நின்றான்.

"போடாதீகம்மா! என் காசே இன்னும் வரல!"

அந்தம்மா டிவியைப் பார்த்தார். இவனைப் பார்த்தார். "அட, அந்த பஃபூனு!" என்று கணவரின் தோளைத் தட்டிச் சிரித்தார். சிரித்துக்கொண்டே கையெழுத்தும் போட்டார்.