மந்த வாயு என்று எழுதியிருந்த தொட்டி

அண்ணி அதைக் கேட்டபோது வாசலில் பந்தலைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். அண்ணனின் காரியம் முடிந்த மறுநாள் காலை. சவுக்குக் கழிகள் ஒவ்வொன்றாகச் சந்தில் விழும் சத்தத்துக்கு நடுவே அவள் சமையலறைப் பக்கம் வந்து நின்றாள். அழுது முடித்த முகமாக அது இல்லை. அழுகையை எங்கோ பாதியில் நிறுத்தி வைத்துவிட்டு வந்தவளைப் போல இருந்தாள்.

"பாப்பா, நீ கெமிஸ்ட்ரி டீச்சர்தானே. மந்தம்னா இன்னா?"

எனக்கு உடனே புரியவில்லை. அவளே சொன்னாள். "கொயந்திக்கு வவுத்து மந்தம்னா தெரியும், வசம்பு சுட்டு ஒரசிக் குடுப்பேன். வானம் மந்தமா கீதுன்னா தெரியும். காத்து எப்டி மந்தமாவும்? உங்க அண்ணன் எறங்குன டேங்க்கு மேல அப்டித்தான் எய்திகீது, மந்த வாயுன்னு. எடத்தக் காட்டச் சொல்லிப் போனேனே, அன்னிக்கே பாத்துட்டேன். யாராண்ட கேக்கறதுன்னு தெர்ல."

அண்ணன் மணலியில் ஒரு ரசாயனத் தொழிற்சாலையில் ஒப்பந்தக் கூலி. பெரிய இரும்புத் தொட்டிகளுக்குள் இறங்கி, அடியில் படிந்த கசடை வழித்தெடுக்கும் வேலை. எந்தத் தொட்டியில் என்ன இருந்தது என்று அவனுக்கு யாரும் சொன்னதில்லை; அவனும் கேட்டதில்லை. சாயங்காலம் தண்டையார்பேட்டைக்குத் திரும்பி வந்து, குளிப்பதற்கு முன் அண்ணியின் எதிரே நின்று, "இன்னிக்கு இன்னா வாசன, சொல்லு பாக்கலாம்" என்பான். அவள் முகத்தைச் சுளித்துக்கொண்டு மண்ணெண்ணெய் என்பாள், நகப்பூச்சு என்பாள், ஒருநாள் அழுகின பலாப்பழம் என்றாள். கல்யாணமான புதிதில் தொடங்கிய விளையாட்டு, இரண்டு பிள்ளைகள் பிறந்த பின்னும் நிற்கவில்லை. அரசு மருத்துவமனையிலிருந்து உடலைக் கொண்டுவந்து கிடத்தியபோது, கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, அவன் தலைமயிரில் முகத்தை வைத்து அவள் மோந்து பார்த்ததை நான் பார்த்தேன். பிறகு என்னிடம் சொன்னாள், மருத்துவமனை வாசனை மட்டும்தான் இருந்ததாம். வேலை வாசனை எதுவும் இல்லையாம்.

நான் அப்போது திருவொற்றியூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் பத்தாம் வகுப்புக்கு அறிவியல் எடுத்துக்கொண்டிருந்தேன். இன்றும் அதே பள்ளிதான். ஆண்டுதோறும் அந்தச் சொல்லைக் கரும்பலகையில் எழுதுவேன். ஹீலியம், நியான், ஆர்கான் என்று வரிசையாக எழுதி, இவை எதனோடும் சேராதவை, தம் பாட்டுக்கு இருப்பவை, ஆகவே மந்த வாயுக்கள் என்பேன். ஆங்கிலத்தில் இனர்ட். வேலை செய்யாதது, சோம்பிக் கிடப்பது என்பது அந்தச் சொல்லின் பழைய பொருள். பாடப்புத்தகத்தின் அந்த வரிசையில் நைட்ரஜன் கிடையாது. ஆனால் தொழிற்சாலைக்காரர்கள் நைட்ரஜனையும் அந்தப் பெயராலேயே அழைக்கிறார்கள். எண்ணெயும் கரைப்பான்களும் இருந்த தொட்டிக்குள் மிச்சமிருக்கும் ஆவி தீப்பிடிக்காமல் இருக்க, காற்றை வெளியேற்றிவிட்டு நைட்ரஜனை நிரப்பி வைப்பார்கள். அது எரியாது, எரிய விடாது. அதனால் மந்தம். அந்த அடைமொழி நெருப்பை நினைத்துச் சொல்லப்பட்டது. தொட்டிக்குள் இறங்கப்போகிற ஆளைப் பற்றி அதில் ஒரு சேதியும் இல்லை.

இதையெல்லாம் நான் அண்ணிக்கு அன்று எப்படிச் சொன்னேன் என்று நினைத்துப் பார்க்கிறேன். அடுப்பிலிருந்த பாலை இறக்கி வைத்துவிட்டு, அவளைத் தரையில் உட்காரவைத்து, எதிரில் உட்கார்ந்தேன். "அந்தக் காத்து ஒண்ணும் பண்ணாது அண்ணி. விஷம் இல்ல. ஆனா அது நெறஞ்சிருக்கிற எடத்துல நமக்கு வேண்டிய ஆக்சிஜன் இருக்காது. அவ்வளவுதான்" என்றேன்.

"மூச்சு முட்டுமா?"

"முட்டாது. அதான் கொடுமை. நாம வெளியே விடற காத்து உள்ளேயே தங்கினாத்தான் மூச்சு முட்டற மாதிரி தோணும். இதுல அதுவும் போயிடும். நல்லா மூச்சு விடற மாதிரியேதான் இருக்கும். ரெண்டு மூச்சு, மூணு மூச்சு. நெனப்பு தப்பிடும்."

வாசலில் கடைசிக் கழியும் விழுந்தது. "அப்போ அவருக்கு வலிச்சிருக்காது" என்றாள். இருக்காது என்றேன். "பயந்திருக்கவும் மாட்டாரு." மாட்டான் என்றேன். அதன் பிறகுதான் அவள் அழுதாள்.

தொழிற்சாலையிலிருந்து இருவர் வந்தது அடுத்த வாரம். ஒருவர் மேலாளர், மற்றவர் ஒப்பந்தக்காரர். மேலாளர் மரியாதையாகத்தான் பேசினார். அண்ணனுக்கு மாரடைப்பு என்றார். வெயிலில் வேலை செய்பவர்களுக்கு வருவதுதான் என்றார். ஒரு காகிதத்தில் கையெழுத்துப் போட்டால் உதவித்தொகையும், அண்ணிக்குத் துப்புரவு வேலையும் கிடைக்கும். அந்தத் தொட்டியில் என்ன இருந்தது என்று அண்ணி கேட்டாள்.

"நைட்ரஜன்மா. இனர்ட் காஸ். ஒண்ணுமே செய்யாது. நாம சுவாசிக்கிற காத்துல முக்கால்வாசிக்கு மேல அதுதான் இருக்கு. உங்க வீட்டுக்குள்ள இப்பவும் இருக்கு."

அந்த வாயுவைப் பற்றி அவர் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. நான் வகுப்பில் சொல்கிற வாக்கியங்களை அப்படியே எடுத்து வந்து என் அண்ணனின் படத்துக்குக் கீழே உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருந்தார். நான் வாயைத் திறப்பதற்குள் அண்ணி முந்திக்கொண்டாள். "ஒண்ணும் செய்யாததுக்கு இன்னாத்துக்கு சார் போர்டு?" என்றாள். மேலாளர் ஒப்பந்தக்காரரைப் பார்த்தார். காகிதம் மடிக்கப்பட்டு அவர் சட்டைப்பைக்குள் திரும்பிப் போனது.

இழப்பீடு கேட்டு வழக்குப் போட்டோம். பிரேதப் பரிசோதனை எங்களுக்கு உதவவில்லை. விஷ வாயுவாக இருந்தால் உடம்பில் தடயம் இருந்திருக்கும். நைட்ரஜன் எதையும் விட்டுப்போவதில்லை. செத்தவனின் நுரையீரலிலும் உயிரோடிருப்பவனின் நுரையீரலிலும் அது ஒன்றேதான். காரணத்தை உறுதியாகச் சொல்ல இயலவில்லை என்று மருத்துவர் எழுதிவிட்டார். தொட்டிக்குள் நடந்ததைக் கண்ணால் பார்த்த சாட்சி ஒரே ஒருவர். அவரை நாங்கள் எல்லோரும் பாய் என்றுதான் கூப்பிடுவோம். வண்ணாரப்பேட்டைக்காரர், அண்ணனின் தோஸ்து, அதே ஒப்பந்தக்காரரிடம் வேலை. அன்று தொட்டியின் வாயில் கயிற்றோடு நின்றவர் அவர்தான்.

சாட்சி சொல்ல வரும்படி கேட்க நானும் அண்ணியும் அவர் வீட்டுக்குப் போனோம். பாய் பாயில் உட்கார்ந்திருந்தார், எங்களைக் கண்டதும் எழுந்தார், மறுபடி உட்காரவில்லை. அவர் மனைவி தேநீர் கொண்டுவந்து வைத்தார். "நாலு பேரு துன்னணும் அக்கா. வாயத் தொறந்தா கேட்டுக்குள்ள வுட மாட்டேன்னு சொல்லிட்டாங்கோ" என்றார். அந்தக் குரலில் கெஞ்சலும் இருந்தது, எரிச்சலும் இருந்தது. அண்ணி தேநீரை முழுவதும் குடித்து, தம்ளரைக் கழுவி வைத்துவிட்டு, "வரேன் பாய்" என்று எழுந்துகொண்டாள். பேருந்தில் நான் கோபமாக ஏதோ சொன்னேன். அவள் ஜன்னல் பக்கம் திரும்பியவாறே, "அவரு கயித்த வுட்டுட்டு ஓடலியே பாப்பா. இஸ்து மேல போட்டாரே. அது போதும்" என்றாள்.

இழப்பீட்டு வழக்கு இழுத்தது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் அண்ணி ஒரே வெளிர்நீலச் சேலையைக் கட்டிக்கொண்டு, பாரிமுனைக்குப் பேருந்தேறிப் போவாள். நான் விடுப்புக் கிடைத்த நாட்களில் உடன் போவேன். எங்கள் வழக்கறிஞர் நல்லவர், ஆனால் கையில் எதுவும் இல்லாத நல்லவர். ஒருநாள் காலை, விசாரணை அறைக்கு வெளியே இருந்த மரப்பெஞ்சில் பாய் உட்கார்ந்திருந்தார். துவைத்த வெள்ளைச் சட்டை, தலையில் தொப்பி. எங்களைப் பார்த்ததும் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "அண்ணி, தூங்க முடில. அவன் மூஞ்சி வந்துகினே கீது."

கூண்டு எதுவும் இல்லாத சிறிய அறை அது. இழப்பீட்டு வழக்குகளை விசாரிக்கும் தொழிலாளர் துறை அதிகாரி மேசைக்குப் பின்னால். பாய் ஒரு நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றார். நடந்ததைச் சொன்னார். அண்ணன் ஏணியில் இறங்கினான், அடியில் கால் வைத்தான், மேலே பார்த்து ஏதோ சொல்ல வாயெடுத்தான், உட்கார்ந்துவிட்டான். பாய் கூப்பிட்டுப் பார்த்தார். தலையை உள்ளே விட்டுக் குனிந்து கயிற்றை இழுத்தார். அப்போது அவருக்கும் கண் இருட்டியது. பின்னால் நின்றவர்கள் அவர் இடுப்பைப் பிடித்து இழுத்திருக்காவிட்டால் அவரும் உள்ளேதான் விழுந்திருப்பார். கயிற்றை மட்டும் விடாமல், கண் தெளிந்ததும் அண்ணனை இழுத்து மேலே போட்டார்.

தொழிற்சாலையின் வழக்கறிஞர் குரலை உயர்த்தவே இல்லை.

"ஏதாவது நாத்தம் வந்துச்சா?"

"இல்ல சார்."

"கண் எரிச்சல்?"

"இல்ல."

"இருமல்? தொண்டைக் கரகரப்பு?"

"இல்ல சார்."

"புகை மாதிரி எதாவது கண்ணுக்குத் தெரிஞ்சுதா?"

"இல்ல."

"அப்புறம் எதை வச்சுக் காஸ்னு சொல்றீங்க?"

பாய் நாற்காலியை இன்னும் இறுக்கிப் பிடித்தார். "அதான் சார் சொல்றேன். ஒண்ணுமே இல்ல. நாத்தம் இல்ல, எரிச்சல் இல்ல, ஒண்ணும் இல்ல. நல்லாத்தான் மூச்சு வுட்டுகினு இருந்தேன். கால் மட்டும் என்னுது இல்லாத மாரி மடங்கிச்சு. எனக்குமா சார் அதே நிமிசத்துல மாரடப்பு வரும்?"

அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு, அந்த வாயுவின் பெயர் என்ன என்று கேட்டார். நைட்ரஜன், இனர்ட் காஸ் என்றார் தொழிற்சாலையின் வழக்கறிஞர். இனர்ட் என்றால் தமிழில் என்ன போடுவது என்று அதிகாரி தட்டச்சரைப் பார்த்தார். அவருக்குத் தெரியவில்லை. அறையின் கடைசியிலிருந்து அண்ணி எழுந்து, "மந்தம் சார்" என்றாள்.

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. பிராணவாயு இல்லாத இடத்தில், சோதிக்காமல் இறக்கிவிடப்பட்டதால் நேர்ந்த மரணம் என்று இருந்தது. அதற்குள் அண்ணனின் பெரிய பிள்ளை உயரமாகியிருந்தான், அண்ணியின் காதோரம் நரைத்திருந்தது. பாய் சாட்சி சொன்ன வாரத்திலேயே அவருடைய நுழைவுச் சீட்டைப் பிடுங்கிக்கொண்டார்கள். மணலியில் எந்த ஒப்பந்தக்காரரும் அவரைச் சேர்க்கவில்லை. காசிமேட்டில் மீன் பெட்டி தூக்கப் போனார். அந்த வயதில் தொடங்கக்கூடிய வேலை இல்லை அது, முதுகு போய்விட்டது. ரம்ஜானுக்கு அண்ணி துணி எடுத்துக்கொண்டு போவாள், அவர் மனைவி வாங்கி வைத்துக்கொள்வார். பேச்சு மட்டும் முன்புபோல இல்லை. தீர்ப்பு வந்த அன்று அண்ணி அதிகாரியிடம் ஒன்று கேட்டாள், அந்தப் பலகையில் உள்ள சொல்லை மாற்றச் சொல்ல முடியுமா என்று. அது தன் அதிகாரத்தில் இல்லை என்றார் அவர். உண்மையிலேயே வருத்தப்பட்டுத்தான் சொன்னார். போன மாதம்கூட அந்த வழியாகப் போனேன். சாலையிலிருந்தே தெரியும் உயரத்தில், புது வெள்ளை வண்ணத்தின் மேல் சிவப்பில், அதே இரண்டு சொற்கள்.

அண்ணி இப்போது மணலியில், டேங்கர் லாரிகள் வரிசையாக நிற்கும் சாலையோரம், தள்ளுவண்டியில் தோசை போடுகிறாள். விடிந்ததும் தொழிற்சாலைக்குப் போகும் ஒப்பந்த ஆட்கள் அங்கேதான் சாப்பிடுவார்கள். அவளுடைய பிள்ளைகள் இருவரும் வேறு வேலைக்குப் போய்விட்டார்கள். வண்டி வேண்டாம், வீட்டில் இரு என்று சொல்லிப் பார்த்துவிட்டார்கள். டேங்க் வேலை என்று யாராவது சொன்னால் அவள் கரண்டியைக் கீழே வைத்துவிடுவாள். "மீட்டர் வுட்டுப் பாத்தாங்களா? ஆக்சிஜன் கீதான்னு கேட்டியா?" என்பாள். சிலர் சிரிப்பார்கள். அவளுக்கு மூளை குழம்பிவிட்டது என்று லாரிக்காரர்கள் பேசிக்கொள்வதை நானே கேட்டிருக்கிறேன்.

சில மாதங்களுக்கு முன் ஒரு விடுமுறை நாளில் நான் அவளுக்கு உதவியாக நின்றிருந்தேன். வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன். காலையில் சாப்பிட்டுவிட்டுப் போன ஒருவர், நாற்பதைத் தாண்டிய ஆள், வெயில் ஏறிய பிறகு நடந்தே திரும்பி வந்தார். முகம் கொதித்துக்கொண்டிருந்தது.

"உன் பேச்சக் கேட்டுப் போய், மீட்டர் வையுங்க சார்னு சொன்னேன். நீ கெளம்புன்னு சொல்லிட்டான். வேற ஆளு வச்சுக்கறானாம். இன்னிக்குக் கூலி போச்சு. வூட்ல இன்னா சொல்லுவேன்? நீ குடுப்பியா?"

அண்ணி கல்லில் தண்ணீர் தெளித்துத் துடைத்து, மாவை ஊற்றினாள். அவர் இன்னும் திட்டிக்கொண்டேதான் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"உனக்குப் பதிலா எறங்குன ஆளு யாரு? எந்த ஊரு?" என்று கேட்டாள் அண்ணி.

"எனக்கு இன்னா தெரியும்? வடக்கத்தி ஆளு. தமிழே தெரியாது."

அவள் கை ஒரு நொடி நின்றது. தொழிற்சாலைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். இங்கிருந்து புகைபோக்கியைத் தவிர எதுவும் தெரியாது. கரண்டியை என் கையில் திணித்தாள். "தோச தீயப் போவுது, பாத்துக்கோ" என்றாள். சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு, லாரிகளுக்கு நடுவே புகுந்து, தொழிற்சாலை வாசலை நோக்கி ஓடத் தொடங்கினாள்.