கோர்ட்டுக்குள் அக்கா இல்லை

என் தங்கை மகன் டோனியைக் கட்டிக்கொண்டு கடலூருக்கு வந்தவள் பெலிசியா. பிறந்த வீடு பண்ருட்டி. அவளுடைய அப்பாவும் என் சகலையும் ஒரே லாரியில் பலாப்பழம் ஏற்றிப் போனவர்கள். அந்தப் பழக்கத்தில் நான்தான் பெண் கேட்டுப் போனேன். பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சர். பெண்பிள்ளைகளின் பேஸ்கட்பால் டீம் அவள் பொறுப்பு.

டோனியின் அக்கா ஆரோக்கிய ராணியின் ஒரே மகள் அனிதா. அதே பள்ளிக்கூடத்தில் பன்னிரண்டாவது படிக்கிறாள், டீமில் அவள்தான் மூத்தவள். மாவட்டப் போட்டியில் டீம் ஜெயித்தால்தான் சான்றிதழ். அதைக் காட்டினால்தான் விளையாட்டுக் கோட்டாவில் காலேஜ் சீட் கேட்க முடியும். மார்க்கை நம்ப முடியாது. ராணியோ, அதிகமாகப் பந்து போட்டவளுக்குத்தான் சீட் என்று நினைத்துக்கொண்டிருந்தாள்.

யார் எங்கே நின்று போட்டார்கள், விழுந்ததா இல்லையா என்று ஒவ்வொரு ஆட்டத்தையும் பெலிசியா போனில் குறிப்பாள். சிதம்பரத்தில் மாவட்டப் போட்டியின் கடைசி ஆட்டம் வருகிறது என்றதும் எல்லாவற்றையும் கூட்டிப் பார்த்தாள். அனிதா தூரத்திலிருந்து எறிந்ததில் நாலுக்கு ஒன்றுதான் விழுந்திருந்தது. பத்தாவது படிக்கும் இளமதி வளையத்துக்குக் கிட்டே போட்டதில் பாதிக்கு மேல் விழுந்திருந்தது. ஆனால் அவள் போட்டதே கொஞ்சம். பந்து கைக்கு வந்ததும் அனிதாவைத் தேடிக் கொடுத்துவிடுவாள். ஏன் என்று கேட்டதற்கு, “அக்கா நிக்கிறப்ப நான் எப்புடி டீச்சர் போடுறது?” என்றாளாம்.

அன்றிலிருந்து கோர்ட்டுக்குள் யாரும் யாரையும் அக்கா என்று கூப்பிடக் கூடாது, பேர்தான் என்று பெலிசியா சொல்லிவிட்டாள். அனிதா பந்தோடு உள்ளே ஓட வேண்டும்; அவளை மறிக்க ரெண்டு பேர் வருவார்கள்; உடனே இளமதியிடம் தள்ள வேண்டும்.

ராணி சண்டைக்கு வந்தாள். “தூரத்துலேந்து போட்டா மூணு பாயிண்ட்டு. கிட்டக்கப் போட்டா ரெண்டுதானே? யாருக்குடி கணக்கு சொல்ற?”

“நாலு தடவ தூரத்துலேந்து போட்டா மூணு பாயிண்ட்டுதான் வருது அண்ணி. அதே நாலு தடவ இளமதி கிட்டக்கப் போட்டா நாலு வருது, ஒரொரு நாளு ஆறும் வருது.”

“மாமா, நீங்க பாத்துக் கட்டி வச்ச மருமவதான, நீங்களே கேளுங்க. நாத்தனார் பொண்ணயே ஓரங்கட்டுறா.”

நான் என்னத்தைக் கேட்க? இரண்டு பக்கமும் என் சொந்தம்.

சிதம்பரத்துக்கு வேன் பிடித்துப் போனோம். ராணி காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. ஆட்டம் முடியப் போகும்போது நம் டீம் ஒரு பாயிண்ட் பின்னால் இருந்தது. அனிதா கையில் பந்து.

“போடு பாப்பா, நீயே போடு” என்று ராணி எழுந்து நின்று கத்தினாள்.

அனிதா உள்ளே ஓடினாள். ரெண்டு பேர் மறித்தார்கள். பந்தை இளமதியிடம் தள்ளினாள். அந்தப் பெண் பழக்க தோஷத்தில் திருப்பிக் கொடுக்கப் பார்த்தாள். அனிதா இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றாள். வேறு வழியில்லாமல் இளமதி எறிந்தாள். பந்து வளையத்தில் ஒரு சுற்று சுற்றி உள்ளே விழுந்தது. விசிலும் ஊதிவிட்டார்கள்.

ராணி பொத்தென்று உட்கார்ந்தாள். சான்றிதழை அனிதா கொண்டுவந்து மடியில் வைத்தாள். ராணி பெலிசியாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“பசிக்குதுடி. அந்த இளமதிப் பொண்ணயும் கூட்டியா, எல்லாரும் போயி சாப்புடுவோம்.”