குத்துவிளக்கின் முன் ஒரு சோடிச் சப்பாத்து

இத்தாலியின் பலெர்மோ நகரில், கால்சா என்ற பகுதியில், துறைமுகத்தை நோக்கிய பழைய மாளிகையொன்றின் இரண்டாம் மாடியில், ஒரு ஜெர்மன் திரைப்பட நடிகரிடம் தொண்ணூறுகளில் ஆறு ஆண்டுகள் பணிபுரிந்தேன். என்ன பணி என்று அந்நகரில் வாழ்ந்த எங்கள் ஈழத்து ஆட்கள் கேட்டபோதெல்லாம் செயலாளர் என்றே சொல்லிவந்தேன். அது முழுப் பொய்யன்று. அவர் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல அவரது வாழ்க்கையை நான் தட்டச்சில் ஏற்றினேன். நாளொன்றுக்கு ஒரு மணிநேரம். மிகுதி நேரத்தில் அவரைக் குளிப்பாட்டினேன், சவரம் செய்தேன், குனிய முடியாத அவருக்குச் சப்பாத்து மாட்டிவிட்டேன். பட்டம் பெற்று யாழ்ப்பாணத்தில் ஆங்கிலம் படிப்பித்தவன் நான். இந்த மிகுதியை ஊருக்கு எழுதிய எந்தக் கடிதத்திலும் குறிப்பிட்டதில்லை.

இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு, இடிந்த ஜெர்மன் நகரமொன்றில், இறந்த தமையனின் மேலங்கியை அணிந்துகொண்டு நடிக்கப் போனவர் அவர். தொடக்கத்தில் எல்லாப் படங்களிலும் சிறையிலிருந்து வீடு திரும்பும் போர்வீரன் வேடம். வயது ஏறியதும் இத்தாலியப் படங்களில் கொடிய அதிகாரி வேடங்கள் வந்தன. அவற்றில் அவருக்குக் குரல் கொடுத்தவர் வேறொருவர். ஆகவே சந்தையில் மீன் விற்பவர்கள் அவர் முகத்தைக் கண்டு மகிழ்வார்கள். அவர் வாய் திறந்ததும் ஏமாந்துபோவார்கள். காலப்போக்கில் வெளியே பேசுவதையே அவர் நிறுத்திவிட்டார். வீட்டுத் தொலைபேசி வாரக்கணக்கில் ஒலிக்காது. நாங்கள் இருவரும் ஒரே மேசையின் இரு முனைகளில் அமர்ந்து பேச்சின்றி உண்போம்.

ஒரு மார்கழியில் எங்கள் தமிழ்ச் சங்கத் தலைவர், மொண்டெல்லோ கடற்கரை உணவகமொன்றில் சமையல் வேலை செய்தவர், தெருவில் என்னை மறித்தார்.

"மாஸ்டர், பொங்கல் விழாவுக்கு உங்கடை நடிகர்தான் பிரதம விருந்தினர். கூட்டிக்கொண்டு வாங்கோ."

"அவருக்கு உடம்பு ஏலாது."

"எத்தினை வருசமாக் கதையிலை மட்டும் காட்டுறியள். அப்பிடி ஒரு ஆள் இருக்கிறாரோ எண்டு சனம் கேக்குது" என்று சிரித்தார்.

அந்தச் சிரிப்புக்காகவே ஒப்புக்கொண்டேன்.

அங்கே நான் செயலாளராக அறியப்பட்டவன் என்று நடிகரிடம் சொன்னேன். அதற்கு மேல் எதுவும் சொல்லவில்லை. அவர் என் முகத்தைப் பார்த்து, "எனக்கு எத்தனை வசனம்?" என்று கேட்டார்.

நாற்காலி, படிக்கட்டு, பேச்சு என்று யாவற்றையும் திட்டமிட்டேன். வாடகைக்கு எடுத்திருந்த தேவாலய மண்டபம் நிறைந்திருந்தது. பொன்னாடை போர்த்தினார்கள், மங்கல விளக்கேற்ற அழைத்தார்கள். கையில் மெழுகுவர்த்தியோடு அவர் குத்துவிளக்கை நெருங்கியபோது தலைவர் என் காதருகே குனிந்தார்.

"மாஸ்டர், சப்பாத்தோடை நிக்கிறார். கழட்டச் சொல்லுங்கோ."

என் சப்பாத்தை மேடைப் படியிலேயே, யோசிக்காமல், கழற்றி வைத்திருந்தேன். அவருடையதை மறந்துபோனேன். இப்போது கழற்றுவதென்றால் நான்தான் அத்தனை பேர் முன்னிலையிலும் மண்டியிட வேண்டும். கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு நின்றேன்.

அவர் தம் சப்பாத்தைப் பார்த்தார். வெறுங்காலோடு நின்ற எங்களைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். மெழுகுவர்த்தியை என்னிடம் நீட்டி, மண்டபம் முழுதும் கேட்கும்படி, இத்தாலிய மொழியில், தம் சொந்தக் குரலில் சொன்னார்: "என் செயலாளர் ஏற்றட்டும். இந்த மரியாதை அவருக்குரியது."

இரண்டடி பின்வாங்கி, விளக்கைவிட்டு விலகித் தனியே நின்றார். கைதட்டல் எழுந்தது. நான் விளக்கேற்றினேன்.

"பெரிய மனுசன்" என்றார் தலைவர். "உங்களை நல்லா மதிக்கிறார், என்ன?"

"ஓம்" என்றேன்.

வீடு திரும்பியதும் அவர் பொன்னாடையோடே அமர்ந்து காலை நீட்டினார். நான் தரையில் மண்டியிட்டேன். காலையில் விழாவுக்கென்று நானே இறுக்கிப் போட்ட முடிச்சு, எளிதில் அவிழவில்லை.

"எப்படி இருந்தது?" என்று கேட்டார்.

"நன்றாக நடித்தீர்கள்" என்றேன். மன்னிப்புக் கேட்க எனக்கு ஆங்கிலத்தில் எத்தனையோ வாக்கியங்கள் தெரியும். ஒன்றையும் சொல்லவில்லை.

மறுநாள் தட்டச்சுக்கு அமர்ந்தபோது அந்த விழாவைப் பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அவர் இறந்த பின் அந்தப் பக்கங்களை வாங்கிச் செல்ல ஒருவரும் வரவில்லை. அவற்றில் இல்லாததை இங்கே எழுதிவைக்கிறேன்.