முப்பத்தேழாவது பயணி

என் அக்காவின் கணவர் சுற்றுலா பஸ் ஓட்டிக்கொண்டிருந்தபோது, மலைப்பாதையில், ஸ்டியரிங் மேலேயே தலை சாய்ந்து செத்துப்போனார். நிறுவனம் அனுப்பிய கடிதம் வேறு மாதிரி சொல்கிறது. ‘அன்னார் சம்பவ தினத்தன்று விடுப்பில் இருந்தார். எமது ஐந்து நாள் கடற்கரை, மலைச் சுற்றுலாவில் பயணியாகக் கலந்துகொண்டிருந்தபோது இயற்கை மரணம் எய்தினார்.’

பயணி. அந்த ஒரு சொல்தான் மூன்று வருடமாக அக்காவின் தொண்டையில் முள்ளாகக் குத்திக்கொண்டிருக்கிறது.

“அவரு எங்கேடா சுற்றுலா போனாரு? பக்கத்துத் தெரு சினிமாவுக்கு என்னைக் கூட்டிட்டுப் போகவே அந்த மனுஷனுக்கு லீவு கிடைக்கல. பொண்டாட்டிய வீட்டுல விட்டுட்டுத் தனியா காத்து வாங்கப் போனாராமா?”

கடிதம் வந்த வாரமே எதிர்வீட்டு அம்மாள் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு, “ஏம்மா, உன்னை விட்டுட்டு அவரு மட்டுமா டூர் போனாரு? கூட யாராச்சும் போனாங்களா?” என்று கேட்டாள். துக்கம் விசாரிக்க வந்தவள்தான். அன்றிலிருந்து அக்கா அந்தப் பக்கத்து ஜன்னலைத் திறப்பதில்லை.

அக்கா சட்டைத் தொழிற்சாலையில் செக்கிங் பிரிவில் இருக்கிறாள். அவள் மேஜைக்கு வரும் ஒவ்வொரு சட்டையிலும் பட்டன் ஓட்டையைச் சுற்றி எத்தனை தையல் விழுந்திருக்கிறது என்று பார்த்துத் தள்ளுவதுதான் வேலை. ஒரு தையல் குறைந்தாலும் பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவாள். சூப்பர்வைசர் அவளுக்கு வைத்த பெயர் ‘எக்ஸ்ரே’. அவள் குடியிருப்பது ஓர் அச்சகத்தின் மாடியில், இரண்டு அறைகளில். கீழே இயந்திரம் ஓடினால் மேலே அலமாரித் தட்டுகள் கிலுகிலுக்கும். தட்டுக்குத் தட்டு செய்தித்தாள் மடித்துச் சொருகி வைத்திருக்கிறாள்.

நடந்தது இதுதான். மாமா ஐந்து நாள் ஓட்டிவிட்டு ஒரு மாலை வீட்டுக்கு வந்தார். குளித்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தபோது போன் வந்தது. அன்று கிளம்ப வேண்டிய வண்டியின் டிரைவர் வரவில்லை. “நீ ஏத்திட்டுப் போயிடு, ரிஜிஸ்டரை நாங்க பாத்துக்கறோம்” என்றார்கள். ஒரு சுற்று முடித்த டிரைவர் இரண்டு நாள் ஓய்வு எடுத்தாக வேண்டும் என்பது சட்டம். அதனால் ரிஜிஸ்டரில் வராத டிரைவரின் பெயரே ஓடியது, மாமா விடுப்பு. மூன்றாம் நாள் அவர் போய்ச் சேர்ந்ததும், பயணிகள் பட்டியலின் அடியில் முப்பத்தேழாவதாக ஒரு பெயரை வேறு மையில் எழுதிச் சேர்த்துவிட்டார்கள்.

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பட்டம் வாங்கியவன் நான். அதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சமில்லை. பட்டமளிப்பு விழாவுக்கு என் பக்கத்திலிருந்து வந்த ஒரே ஆள் மாமாதான். டூட்டி முடிந்து காக்கிச் சட்டையோடு வந்து, கடைசி வரிசையில் நின்றபடியே கைதட்டினார். அந்தப் பட்டத்தின் தைரியத்தில், மாமா வேலையில் இருக்கும்போதுதான் இறந்தார் என்று தொழிலாளர் நல அலுவலகத்துக்கு ஆறு மனுக்கள் எழுதினேன். அடித்தல் திருத்தல் இல்லாமல், சட்டப் பிரிவுகளோடு. ஆறுக்கும் ஒரே பதில்தான் வந்தது: ‘தங்கள் மனு பரிசீலிக்கப்பட்டது.’

மாமாவோடு வேலை பார்த்த டிரைவர் ஒருவர் உண்டு. மெதுவாகப் பேசவே தெரியாததால் எல்லோருக்கும் அவர் ஹாரன் அண்ணன். ஒருநாள் படியேறி வந்து உட்கார்ந்தார்.

“தங்கச்சி, சொல்லலாமா வேணாமான்னு ஒரு மாசமா யோசிச்சேன். அந்த மலை வளைவுல வாரா வாரம் உன் வீட்டுக்காரர் கதையைத்தான் மைக்கண்ணன் சொல்றான். ஜனங்க கண்ணைத் தொடைச்சிக்கிறாங்க.”

மைக்கண்ணன் என்பது அந்தச் சுற்றுலாவின் வழிகாட்டி. அன்றைக்கு மாமாவின் பக்கத்திலேயே உட்கார்ந்து வந்தவன். பிறகு நடந்த போலீஸ் விசாரணையில், வண்டியை ஓட்டியது வேறு டிரைவர் என்று கையெழுத்துப் போட்டவனும் அவன்தான்.

அக்கா என்னைப் பார்த்து, “டிக்கெட் போடுடா. நீ போனை எடுத்துக்க” என்றாள்.

ஐந்து நாள் விடுப்பைச் சேர்க்க அவளுக்கு ஏழு மாதம் பிடித்தது.

பஸ் கிளம்பியதும் வலப்பக்கம் கடல் வந்தது. எல்லோரும் அந்தப் பக்கம் சாய்ந்தார்கள். அக்கா மட்டும் எழுந்து நின்று பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“முப்பத்தாறு” என்றாள்.

“என்னக்கா?”

“சீட்டு. முப்பத்தாறுதான் இருக்கு. அன்னைக்கும் இதே வண்டிதான், வண்டி ஃபுல்லு. டிரைவர் பக்கத்துல மடக்கு சீட்டு ஒண்ணு, அது மைக்கண்ணனுக்கு. அப்ப முப்பத்தேழாவது ஆளு எங்கேடா உக்காந்தாரு? டிரைவர் மடியிலயா?”

சொல்லிவிட்டு அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்பை எப்படி முடிப்பது என்று தெரியாமல் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

மைக்கண்ணனுக்கு ஐம்பது வயதிருக்கும். தொப்பி, கழுத்தில் விசில். வாய் ஓயவே ஓயாது. “பத்து நிமிஷம்னா பத்து நிமிஷம். கடல் எங்கயும் போகாது, பஸ் போயிடும்” என்பான். புதுமணத் தம்பதியைப் பார்த்து, “கலங்கரை விளக்கத்துல நூத்தி எண்பது படி. ஏறும்போது கையைப் புடிச்சிட்டுப் போறவங்க இறங்கும்போது யாருன்னே தெரியாத மாதிரி வருவாங்க, பாருங்க” என்பான். பஸ்ஸே குலுங்கும். அக்கா சிரிக்காமல் அவன் வாயையே பார்த்துக்கொண்டிருப்பாள், சட்டையில் தையல் பார்க்கிற மாதிரி.

முதல் கடற்கரையில் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“இதைத்தான் வாரா வாரம் பாத்தாரா?”

“பாத்திருப்பாருக்கா.”

அவள் திரும்பி எங்கள் பஸ்ஸைப் பார்த்தாள். டிரைவர் கடலுக்கு முதுகைக் காட்டிக் குந்தி உட்கார்ந்து டயரைத் தட்டிக்கொண்டிருந்தார். “இல்ல, பாத்திருக்க மாட்டாரு” என்று மட்டும் சொன்னாள்.

இரண்டாம் நாள் காலை, விடுதியில் அறை கூட்டும் பெண்ணிடம், “டிரைவருங்க எந்த ரூம்ல தங்குவாங்கம்மா?” என்று கேட்டாள். அந்தப் பெண், “ரூமா?” என்று சிரித்துக்கொண்டே பின்வாசலுக்குக் கூட்டிப்போய்க் காட்டினாள். பஸ்ஸின் வயிற்றில், பெட்டிகள் அடுக்கும் அறையின் கதவைத் தூக்கி விட்டிருந்தார்கள். உள்ளே ஒரு பாய், சுருட்டிய போர்வை, தண்ணீர் பாட்டில். அக்கா குனிந்து தலையை உள்ளே விட்டாள். டீசல் வாடை எனக்கே நெஞ்சைக் கரித்தது.

“ஏசி ரூம்னு சொன்னாரேடா. குளிருது, போர்வை குடுத்து அனுப்புன்னாரே.”

அன்று முழுவதும் அவள் எதுவும் சாப்பிடவில்லை.

மூன்றாம் நாள் மலை ஏறினோம். ஒவ்வொரு வளைவிலும் மஞ்சள் பலகையில் எண் எழுதியிருந்தது. பத்தொன்பதாவது வளைவு வந்ததும் மைக்கண்ணன் விசிலைக் கழற்றிவிட்டு எழுந்து நின்றான். பஸ் மலையோரமாக ஒதுங்கி நின்றது. வலப்பக்கம் கிடுகிடு பள்ளம். அடியில் ஏதோ ஓர் ஊரின் கூரைகள் நகம் அளவுக்குத் தெரிந்தன. நான் போனை முழங்காலில் வைத்துப் பதிவை அழுத்தினேன்.

“இந்த இடத்துக்கு நாங்க வச்ச பேரு டிரைவர் வளைவு” என்றான். குரல் தணிந்துவிட்டது, கேலி போன இடம் தெரியவில்லை. “மூணு வருஷத்துக்கு முன்னாடி இதே மாதிரி ஒரு காலையில நாங்க ஏறிட்டு வந்தோம். ஓட்டினவரு அஞ்சு நாள் ஓட்டிட்டு வந்து ஓய்வே எடுக்காம மறுபடி கிளம்பினவரு. அதோ அந்தப் பலகைகிட்ட வரும்போது நெஞ்சைப் புடிச்சாரு. நான் பக்கத்துல இருக்கேன். ‘அண்ணே’ன்னேன். பேச்சில்ல. ஆனா கை மட்டும் வேலை செஞ்சுது. வண்டியை இப்படி மலைப்பக்கமா அணைச்சு நிறுத்தி, ஹேண்ட் பிரேக்கை இழுத்தாரு. அப்புறம்தான் தலையைச் சாய்ச்சாரு. முப்பத்தாறு உசிரு, என்னையும் சேத்தா முப்பத்தேழு. ஒருத்தருக்கும் ஒரு கீறல் இல்ல.”

அக்கா முன்சீட்டுக் கம்பியை இறுகப் பிடித்திருந்தாள். மூன்று வருடமாக நான் எழுதிய ஆறு மனுவிலும் இல்லாத உண்மை அந்த மைக்கில் வந்துகொண்டிருந்தது.

பிறகு அவன் தொடர்ந்தான். “அப்போ அவரு சம்சாரம் நிறைமாசம். பிள்ளை முகத்தைப் பாக்காமலேயே போயிட்டாரு. அந்தப் பிள்ளைக்கு இப்ப மூணு வயசு. அப்பா எங்கேன்னு கேட்டா, மலையைக் காட்டுதாம்.”

யாரோ விசும்பினார்கள். புதுப்பெண் கணவன் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அக்காவுக்குக் குழந்தை இல்லை. பதினொரு வருடம் ஏறாத மருத்துவமனை இல்லை.

கொஞ்ச தூரத்தில் டீக்கடையில் நிறுத்தினார்கள். அக்கா நேராக அவனிடம் போனாள். நான் பின்னால் ஓடினேன்.

“அந்தச் சம்சாரம் நான்தான்.”

அவன் டீ கிளாஸை வாயருகே கொண்டுபோனவன் அப்படியே நின்றான்.

“பிள்ளை எங்கேன்னு கேக்கறீங்களா? எனக்கும் தெரியலண்ணே. நீங்கதான் பெத்துக் குடுத்தீங்க, நீங்களே சொல்லுங்க.”

“அம்மா... அது சும்மா ஜனங்களுக்காக... ஒரு இதுக்காகச் சேத்தது.”

“ஹேண்ட் பிரேக் போட்டதும் சேத்ததா?”

அவன் தொப்பியைக் கழற்றினான். “இல்லம்மா. அது சத்தியம். என் கண்ணால பாத்தது. நான் இன்னைக்கு உசிரோட நிக்கறது அவராலதான்.”

“அதை எழுதிக் குடுங்க. ஒரே வரி. ஓட்டினது இவர்தான்னு.”

“வாயால எவ்ளோ வேணாலும் சொல்றேம்மா. வாரா வாரம் சொல்லிட்டுத்தானே இருக்கேன்? எதுக்குச் சொல்றேன்னு நினைக்கறீங்க?” அவன் கண் கலங்கியிருந்தது. “கையெழுத்து மட்டும் கேக்காதீங்க. ஒருதடவை வேற மாதிரி போட்டுட்டேன். இப்ப மாத்திப் போட்டா, அன்னைக்குப் பொய் சொன்னேன்னு என்னைத்தான் உள்ளே வைப்பாங்க. ரெண்டு பொண்ணு இருக்கு.”

அக்கா அவனையே பார்த்துக்கொண்டு நின்றாள். “நல்லா இருங்க” என்று சொல்லிவிட்டு பஸ்ஸில் ஏறிவிட்டாள். மிச்சம் இரண்டு நாளும் அருவி, ஏரி, காட்சிமுனை எல்லாம் இருந்தது. அவள் எங்கும் இறங்கவில்லை. மைக்கண்ணன் ஜோக் அடித்தான், யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

நான் மட்டும் மனம் தளரவில்லை. கையெழுத்து இல்லாவிட்டால் என்ன, குரல் இருக்கிறதே! அவர்களுடைய ஆளே, அவர்களுடைய வண்டியிலேயே, அவர்களுடைய மைக்கிலேயே சொன்னது. படித்தவன் கையில் கிடைத்த சாட்சி, விடுவேனா என்று நினைத்தேன்.

நிறுவனத்தின் மேனேஜர் மரியாதையானவர். உட்காரச் சொன்னார், மின்விசிறியை எங்கள் பக்கம் திருப்பினார். பதிவை முழுக்கக் கேட்டார்.

“தம்பி, நீங்க படிச்சவரு. உங்ககிட்டயே கேக்கறேன். உங்க அக்காவுக்குக் குழந்தை இருக்கா?”

“இல்ல சார்.”

“அப்போ நிறைமாசமா இருக்கல.”

“இல்ல.”

“அப்ப இதுல பாதி பொய்னு நீங்களே சொல்றீங்க. மீதிப் பாதி மட்டும் எப்படித் தம்பி உண்மையாகும்? அவன் கைடு. கதை சொல்றதுதான் அவன் பொழப்பு. இதை எங்கே கொண்டுபோனாலும் இதைத்தான் கேப்பாங்க.”

அக்காதான் பேசினாள்.

“சார், உங்க பஸ்ல முப்பத்தாறு சீட்டு. முப்பத்தேழாவது ஆளு எங்கே உக்காந்தாரு?”

“நின்னுட்டு வந்திருப்பாரும்மா.”

“மூணு நாளுமா?”

“நம்ம ஆளுதானே, அட்ஜஸ்ட் பண்ணிட்டிருப்பாரு.”

“நம்ம ஆளுன்னா யாரு சார்? டிரைவரா, பயணியா?”

அவர் மேஜையிலிருந்த ஃபைலை மூடி, “வேணும்னா லெட்டரைக் கொஞ்சம் நல்லபடியா மாத்தித் தரச் சொல்றேன்” என்றார்.

பத்து நாளில் புதிய கடிதம் வந்தது. பழைய வரியேதான். ‘பயணியாக’ என்பதற்குப் பதில் ‘எமது மதிப்புக்குரிய பயணியாக’ என்று இருந்தது. அக்கா இரண்டு கடிதத்தையும் மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். “ஒரு தையல் கூடுதலாப் போட்டிருக்காங்க” என்றாள்.

அடுத்த மாதம் ஹாரன் அண்ணன் வந்தார். அன்று அவர் குரலே எழும்பவில்லை.

“மைக்கண்ணனைக் கூப்பிட்டு மிரட்டிட்டாங்க தங்கச்சி. இனிமே அந்த வளைவுல வண்டி நிக்காது. கதையும் கிடையாது.”

“அப்ப அங்க என்ன சொல்றாங்க?” என்றாள் அக்கா.

“ஒண்ணும் சொல்றதில்லம்மா. பாட்டு போட்டு விட்டுடறாங்க. தாண்டிடறோம்.”

அவர் போன பிறகு அக்கா கதவைச் சாத்தினாள். கீழே அச்சகம் ஓட ஆரம்பித்திருந்தது.

“இல்லாத பிள்ளையோட சேத்தாவது அவர் வண்டி ஓட்டினாருன்னு ஒருத்தன் சொல்லிட்டிருந்தான்டா” என்றாள். “அதையும் நாமதான் போய் நிறுத்திட்டு வந்தோம்.”

நாம் என்றுதான் சொன்னாள். போனை மேஜையில் வைத்துப் பதிவைப் போட்டுக்காட்டியவன் நான்.