மழைக்கு ஒதுங்கிய அதிகாரி

இன்று மத்தியானம் சங்கரன்கோவிலில் திடீர் மழை. எங்கள் மளிகைக் கடை வாசலில் ஒரு பெரியவர் வந்து ஒதுங்கினார்.

எண்பதுகளில் என் அம்மாவுக்கு ரேஷன் கடை லைசென்ஸ் தர மறுத்த அதிகாரி!

"கட்டடம் ஒழுகும், அரிசி நனைஞ்சிரும்" என்பது அன்று இதே கட்டடத்தைப் பற்றி அவர் சொன்ன காரணம். ஒருநாளும் வந்து பார்த்ததில்லை. லைசென்ஸை அவருடைய மச்சினனுக்குக் கொடுத்தார். அந்த மச்சினன் கடை வைக்க இடம் தேடி எங்களிடமே வந்து, "இந்தக் கட்டடத்த வாடகைக்குத் தாங்கக்கா" என்றான்.

அம்மா கோர்ட்டுக்குப் போனாள்.

"இந்தம்மா விற்றால் நனைகிற அரிசி, உங்கள் மச்சினன் விற்றால் நனையாதா?" என்று நீதிபதி கேட்டார். கோர்ட் உத்தரவால் அம்மாவுக்கு லைசென்ஸ் கிடைத்தது.

இன்று அந்த மனிதர், சாமான் வாங்க வந்தவரிடம் பெருமையடிக்கிறார்: "இங்கன ரேஷன் கடைக்கு லைசென்ஸ் குடுத்ததே நான்தாம்வே!"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "சார், வாசல்லயே நில்லுங்க. உள்ள ஒழுகும்லா?" என்றேன்.

நாற்காலி போட்டிருக்கலாம் என்கிறாள் மனைவி. அப்படி நினைப்பவர்கள் முகவரி கொடுங்கள். அடுத்த மழைக்கு அவரை அங்கே அனுப்பிவைக்கிறேன்.