தாமரைக் குளத்தில் இரண்டு வண்டுகள்

“வண்டு பிடிக்கதுக்கா மக்கா இவ்வளவு படிச்ச?” என்று அம்மா கேட்டாள். வண்டை இனம் காண்பது எல்லோராலும் முடியாது என்றேன். எங்கள் வீட்டில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான்.

சுசீந்திரத்துக் குளத்தில் தாமரை பறித்துக்கொண்டிருந்த பெண்ணுக்கு என்னைவிட நாலைந்து வயது கூட இருக்கும். சேலைக்கு மேல் ஆண் சட்டை, கைகளில் தண்டு கீறிய கோடுகள். பேசும்போதும் ஒரு தாமரைத் தண்டை மென்றுகொண்டே இருந்தாள்.

ஒரே இனம் என்று நான் சீட்டு ஒட்டிய குப்பியை வாங்கிப் பார்த்தாள். உள்ளே ஸ்பிரிட்டில் இரண்டு கறுப்பு வண்டுகள் கிடந்தன.

“இது ரெண்டும் வேறல்லா. ஏன் சேத்துப் போட்ட?”

“ஒண்ணுபோலத்தான இருக்கு?”

“மூச்சு வாங்க மேல வரும்போ ஒண்ணு தலையக் காட்டும், மத்தது குண்டியக் காட்டும். கொன்னு குப்பியில அடச்சா எங்க தெரியும்?”

தண்ணீரைப் பார்த்தேன். குளத்து வண்டுகள் அப்படித்தான் மேலே வந்தன. குப்பியை லென்ஸில் பார்த்தபோது உணர்கொம்புகளும் வேறுவேறாக இருந்தன. நான் நன்றி சொல்லவில்லை. வயிறு எரிந்தது. அவளோ அதற்குள் அடுத்த பூவுக்குப் போயிருந்தாள்.

புதிய சீட்டில் ‘இனம் கண்டவர்’ என்ற இடத்தில் என் பெயரையே எழுதினேன். மூன்று நாள் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பொறாமை போகவில்லை. இன்று காலை என் பெயரை அடித்துவிட்டு, அவள் பெயரைக் கேட்டுவர வடசேரியில் சுசீந்திரம் பஸ் ஏறிவிட்டேன்.