தெசிரே என்று கூப்பிட்டவர்

என் நாலாவது பிள்ளை பட்டணத்து ஆசுபத்திரியில் பிறந்தாள். மூன்று பெண்களுக்குப் பிறகு இது ஆண்தான் என்று எங்கள் ஊர் புத்தூரில் எல்லோரும் சொன்னார்கள், நானும் நம்பியிருந்தேன். பெண் என்றதும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டேன். பக்கத்துக் கட்டில்காரி, "பாலைக் குடு, பிள்ளை அழுகுது" என்று இரண்டு தரம் சொன்ன பிறகுதான் கையில் வாங்கினேன்.

அங்கே தாதியாக ஒரு பிரெஞ்சுக் கன்னியாஸ்திரி இருந்தார். வயதானவர், தமிழ் மட்டுமட்டு. அவர் என் பிள்ளையைத் தூக்கும்போதெல்லாம் "தெசிரே, தெசிரே" என்பார். அவர்கள் நாட்டுக் கொஞ்சல் ஆக்கும் என்று நினைத்தேன், என்னவென்று கேட்கவில்லை. ஒன்பதாம் நாள் மாட்டுவண்டியில் வீட்டுக்கு வந்தோம். கணவர் தன் தாயின் பெயரைப் பதிந்தார். இந்தக் கதையை நான் பிறகு சிரிப்புக்குச் சொல்லப்போக, தமக்கைமார் அவளைத் தெசிரே என்று பகிடி பண்ணுவார்கள்.

அவளுக்குப் பத்து வயதிருக்கும். கன்றுக்குட்டியை அவிழ்த்துவிட்டு விளையாடி, நட்ட புகையிலைக் கன்றுகளில் பாதியை மிதிபட விட்டாள். "உன்னை ஆர் கேட்டு அழுதது? கேளாமல் வந்து பிறந்து என்ரை உயிரை எடுக்கிறாய்" என்று கத்தினேன். அவள் அழவில்லை. சில நாள் என்னோடு கதைக்கவும் இல்லை.

அப்போது அவள் பட்டணத்துக் கொன்வென்ரில் படித்தாள். ஒருநாள் பஸ்ஸால் இறங்கி ஓடி வந்தாள்.

"அம்மா, தெசிரே எண்டால் என்னெண்டு மதரிட்டைக் கேட்டனான். ஆசைப்பட்டு வேண்டிப் பெத்த பிள்ளையாம்! லத்தீனிலையிருந்து வந்த பேராம். முந்தின காலத்திலை, கனகாலம் பிள்ளையில்லாமல் இருந்து பெத்தவை வைக்கிறவையாம்."

நான் அவளின் புத்தகப் பையைக் கையில் வாங்கினேன்.

"தாய் சொல்லாமல் அந்தச் சிஸ்டர் அப்பிடிக் கூப்பிட்டிருக்க மாட்டா எண்டும் மதர் சொன்னவ. நீங்களோ அம்மா சொன்னனீங்கள்?"

"ஓம்" என்றேன்.

அவள் என் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். பிறந்த அன்று நான் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்ததைப் பார்த்துத்தான் அந்தத் தாதி மனுசி பிள்ளைக்கு அந்தப் பெயரைச் சொல்லியிருக்கிறார் என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது. அடுத்த கிழமை ஆசுபத்திரிக்குப் போய் விசாரித்தேன். அவர் செத்து இரண்டு வருசம் என்றார்கள்.

மகள் கலியாணம் செய்து கொழும்புக்குப் போனாள். எனக்கு எழுதும் கடிதங்களின் அடியில் தெசிரே என்றே கையெழுத்து வைப்பாள். உலக யுத்த காலத்தில், முதற்பிள்ளையைப் பெற எங்களிடம் வந்திருந்தாள். ஒரு மத்தியானம் கிணற்றடியில் இருந்து அழுதாள்.

"எனக்கு இந்தப் பிள்ளையிலை ஆசையே வருகுதில்லை அம்மா. நீங்கள் என்னை எவ்வளவு ஆசைப்பட்டுப் பெத்தனீங்கள். எனக்கேன் அப்பிடி வரேல்லை? நான் கெட்டவளோ?"

எனக்கும் வரவில்லை, உன்னைத் தூக்கித் தூக்கித்தான் ஆசை வந்தது என்று அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். அவளுக்கு அதுதான் வேண்டியிருந்தது. அவள் ஆசையோடு வைத்திருந்த பெயரை நானே பறிப்பதாகிவிடும் என்று பயந்தேன். "பிறந்தாப் பிறகு எல்லாம் சரிவரும், முகத்தைக் கழுவு" என்று சொல்லி வாளியை எடுத்துக் கொடுத்தேன்.

பிள்ளை பிறந்து முப்பத்தோராம் நாள் சடங்கு கழிந்ததும் அவள் கொழும்புக்குத் திரும்பினாள். ரயில் வரும்வரை ஸ்டேசனில் ஒன்றரை மணித்தியாலம் பக்கத்தில் பக்கத்தில் இருந்தோம். அப்போதும் சொல்லவில்லை.